ரிப்போர்ட்டில் அகப்படாத வயிற்றுக் கோளாறு

காளிராஜ்,

நீ போனை வைத்துவிட்டாய் என்பதால் பேச்சு முடிந்துவிட்டது என்று நினைக்காதே. ஞாயிற்றுக்கிழமை நீ சொன்னது ஒரே வரி: "அம்மா, கல்யாணத்த நிப்பாட்டிரு." ஏன், எதற்கு என்று நான் கேட்பதற்குள் உன் அப்பா போனைப் பிடுங்கி, பத்திரிகை அடிக்கக் கொடுத்தாகிவிட்டது, மண்டபத்துக்குச் சொல்லியாகிவிட்டது என்று கத்த ஆரம்பித்தார். நீ வைத்துவிட்டாய். அவர் அப்படித்தான், பயம் வந்தால் கோபப்படுவார். மறுநாள் அவர் வேலைக்குப் போன பிறகு நானே உன்னைக் கூப்பிட்டேன். அப்போதுதான் விஷயம் வெளியே வந்தது. நீ அழுததைக் கேட்டேன். ஜலதோஷம் என்று சொன்னாய். நான் உன்னைப் பெற்றவள்டா, எனக்குத் தெரியாதா.

இரண்டு இட்லிக்கு மேல் இறங்க மாட்டேன் என்கிறது, நெஞ்சுக்குக் கீழே கல்லைக் கட்டிப் போட்டதுபோல் இருக்கிறது, ஏப்பம் ஏப்பமாக வருகிறது, ஒரு வருஷத்துக்கு மேல் இப்படித்தான் என்றாய். சென்னையில் ரத்தம் பார்த்து, ஸ்கேன் எடுத்து, வாய் வழியாகக் குழாய் விட்டும் பார்த்துவிட்டார்கள். எல்லாம் நார்மல். "நார்மலா இருக்கவன் ஏம்மா சாப்பிட முடியாம கிடக்கேன்? இவுக கண்ணுக்கு அகப்படாம உள்ள என்னமோ இருக்கு. அந்தப் பிள்ளையையும் இதுக்குள்ள இழுத்து விடணுமா?" என்று கேட்டாய். உன் கம்பெனியில் ஒருவர் வயிற்றுவலி என்று லீவு போட்டுப் போய்த் திரும்பி வரவே இல்லை என்றும் சொன்னாய். ஆக, நீ வயிற்றில் ஒரு சாவைச் சுமந்துகொண்டு அலைகிறாய். அதனால் மகேஸ்வரி வேண்டாம் என்கிறாய். போனில் பேசினால் நீ 'ம்' கொட்டிக்கொண்டே இருப்பாய், எதுவும் உள்ளே போகாது. அதனால் உட்கார்ந்து எழுதுகிறேன். நீயும் உட்கார்ந்து படி.

உனக்கு வந்திருப்பது எனக்கும் வந்தது. அப்போது நீ சாத்தூரில் ஹாஸ்டலில் இருந்து எட்டாவது படித்துக்கொண்டிருந்தாய். லீவுக்கு வருவாய். கோழி அடித்துக் குழம்பு வைத்து உனக்கு முன்னால் நானும் தட்டுப் போட்டு உட்கார்ந்து, சோற்றைப் பிசைந்து பிசைந்து, தின்கிறதுபோல் நடிப்பேன். நீ தலை நிமிராமல் தின்கிற பிள்ளை. அதனால் பிழைத்தேன். பஸ் ஏற்றிவிட்டு வந்து என் தட்டுச் சோற்றைக் கோழிக்கே போடுவேன்.

அன்றைக்கு என் பிழைப்பு எப்படி என்று உனக்குத் தெரியும். விடியும்போதே ஏழாயிரம்பண்ணை பட்டாசு ஆபீஸுக்கு வேன் வந்து நிற்கும். அதற்குள் சமைத்து, தூக்குவாளியில் அடைத்து, வெறும் வயிற்றில் ஒரு டம்ளர் கடுங்காப்பியை ஊற்றிக்கொண்டு ஓட வேண்டும். நான் சரவெடிச் சரம் பின்னுவேன். பின்னுகிற சரத்துக்குத்தான் கூலி. உட்கார்ந்து ஆற அமரச் சாப்பிட்டால் பக்கத்தில் இருக்கிறவள் நம்மை முந்திவிடுவாள். அதனால் சோற்றை மெல்லுவது என்ற வழக்கமே எங்களுக்குக் கிடையாது. தண்ணீரை ஊற்றி உள்ளே தள்ளிவிட்டு மறுபடி கால்மேல் திரியைப் போட்டுக்கொள்வோம். தீபாவளி சீசன் என்றால் அதுவும் இல்லை. பசிக்கிறது என்று தெரிவதற்குள் பசி போய்விடும்.

முதலில் நாலு வாயிலேயே வயிறு நிறைந்ததுபோல் இருந்தது. பிறகு தொப்புளுக்கு மேலே ஓர் எரிச்சல். சாயங்காலம் வேனில் திரும்பும்போது வயிறு உப்பி, சேலைக் கொசுவத்தைத் தளர்த்தி விட்டுக்கொண்டு உட்கார்ந்திருப்பேன். கூட வந்தவர்கள் விடுவார்களா? "என்னக்கா, காளிராஜுக்குத் தம்பிப் பாப்பா வரப்போகுதா?" என்று கேலி. மூன்று மாசம் போனதும் கேலி நின்றுவிட்டது. ஆளாளுக்கு வைத்தியம் சொல்ல ஆரம்பித்தார்கள். ஆபீஸ் தூசி வயிற்றுக்குள் போய்ப் படிந்துவிட்டது என்றார்கள். குடல் ஏறிவிட்டது என்று ஒருத்தி எண்ணெய் போட்டு உருவி விட்டாள். அல்சர் என்று மெடிக்கலில் ஒரு வெள்ளைத் திரவம் வாங்கிக் குடித்தேன். காரத்தை விட்டேன், புளியை விட்டேன், பருப்பை விட்டேன். கடைசியில் ரசச் சோறும் வேண்டாம் என்று கஞ்சிக்கு வந்தேன். கஞ்சியும் அதே நாலு வாய்தான்.

அப்புறம்தான் உன் அப்பா அந்தப் பேச்சைக் கொண்டுவந்தார். யாரோ ஆகாதவர்கள் சோற்றில் செய்வினை மருந்து வைத்துவிட்டார்கள் என்று. வெளியூர்க்காரர்களுக்குச் சொன்னால் சிரிப்பார்கள். நம் பக்கத்தில் இன்றைக்கும் சாப்பாடு இறங்கவில்லை என்றால் முதலில் வருகிற பேச்சு அதுதான். யார் வைத்தது என்று அடுத்த கேள்வி வரும். அதற்கு ஓர் ஆளும் உடனே கிடைத்துவிடும். உன் பெரியப்பாவுக்கும் அப்பாவுக்கும் அந்த வருஷம் கிணற்றுத் தண்ணீர் பாய்ச்சுகிற முறையில் தகராறு. அந்தச் சமயம் பார்த்து, கோயில் பொங்கலுக்கு உன் பெரியம்மா வீட்டில் கறிச்சோறு சாப்பிட்டிருந்தேன். போதாதா? "அந்தக் கறிதான். எனக்கு அன்னைக்கே தெரியும்" என்றார் உன் அப்பா. நான் ஆமாம் என்றும் சொல்லவில்லை, இல்லை என்றும் சொல்லவில்லை. வயிறு அப்படி வாட்டும்போது யார்மேல் பழி விழுந்தாலும் சரி, எனக்குச் சோறு இறங்கினால் போதும் என்றிருந்தது.

மருந்து எடுக்கிற ஆள் ஒருவரிடம் கூட்டிப்போனார். ஏதோ பச்சிலைச் சாறு கொடுத்தார். குமட்டிக்கொண்டு வந்தது. குடல் வெளியே வந்துவிடும் என்று நினைத்தேன். அந்த ஆள் குச்சியால் கிளறி, முடியும் பிசினுமாக ஓர் உருண்டையைக் காட்டி, "இந்தா பாத்தியாம்மா, இம்புட்டு நாளா உள்ள கிடந்தது இதுதான்" என்றார். உன் அப்பா முகத்தில் அப்படி ஒரு வெளிச்சம். நம்ப மாட்டாய், எனக்கும் ஒரு வாரம் நன்றாக இருந்தது! பசி எடுத்தது, ஒரு தட்டுச் சோறு தின்றேன். மனசு லேசானால் வயிறும் கொஞ்சம் இடம் கொடுக்கும் என்று எனக்கு அப்போது தெரியாது. அடுத்த வாரம் எல்லாம் திரும்பி வந்துவிட்டது. ஆனால் பெரியம்மா வீட்டோடு பேச்சு வார்த்தை நின்றது நின்றதுதான். ஒரே வேனில் போவோம், ஒரே ஆபீஸில் சரம் பின்னுவோம். அவள் ஒரு பக்கம் பார்ப்பாள், நான் ஒரு பக்கம் பார்ப்பேன்.

உடம்பு இளைத்துக்கொண்டே போனதால் விருதுநகரில் ஒரு டாக்டரிடம் போனோம். நடு வயசு, அதிகம் பேசாதவர். ஆனால் கேள்வி நிறையக் கேட்டார். வாந்தியில் ரத்தம் வருகிறதா, வெளிக்குக் கறுப்பாகப் போகிறதா, முழுங்கும்போது அடைக்கிறதா, வீட்டில் யாருக்காவது வயிற்றில் புற்றுநோய் இருந்ததா என்று ஒவ்வொன்றாகக் கேட்டார். ரத்தம் பார்த்தார், ஸ்கேன் எடுத்தார், குழாய் விட்டுப் பார்த்தார். வயிற்றில் ஒரு கிருமி இருந்தால் இப்படிச் செய்யும் என்று அதற்கும் சோதித்தார். கடைசியில், "ஒண்ணும் இல்லம்மா, எல்லாம் நார்மல்" என்றார்.

அங்கேயே அழுதுவிட்டேன். சந்தோஷத்தில் இல்லை. அல்சர் என்று சொல்லியிருந்தால்கூட நிம்மதியாக இருந்திருக்கும். ஒன்றும் இல்லை என்றால் நான் இத்தனை நாள் வேஷம் போட்டேனா? ஊர் என்ன சொல்லும், உன் அப்பா என்ன நினைப்பார்? திங்கட்கிழமை போனில் உன் வாயிலிருந்து அதே கேள்வி வந்தபோது எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. அதனால் அந்த டாக்டர் எனக்குச் சொன்னதை உனக்கு அப்படியே சொல்கிறேன்.

"எதுல வேலைக்குப் போறீங்கம்மா?" என்று கேட்டார். வேன் என்றேன். "அந்த வேன்ல இருவது பேரு ஏறலாம்னு வையுங்க. அஞ்சு பேரு ஏறினதுமே கிளீனர் பையன் இடமில்ல, இடமில்லன்னு கத்துறான். வேன் பழுதா? இல்ல. பிரிச்சுப் பார்த்தா எல்லாம் சரியாத்தான் இருக்கும். கத்துறவன்தான் தப்பாக் கத்துறான். உங்க வயிறும் அப்படித்தான். சோறு விழுந்ததும் வயிறு கொஞ்சம் தளர்ந்து இடம் விடணும், பொறவு நிதானமா அரைச்சுக் கீழ தள்ளணும். உங்களுக்கு அந்தத் தளர்ச்சி சரியா நடக்கல. நரம்பு வேற சின்னதையும் பெரிசாச் சொல்லுது. குழாயில பார்த்தா புண்ணு தெரியும், கட்டி தெரியும். இது தெரியாது. தெரியலங்கிறதுக்காக உங்க வேதனை பொய்யில்ல."

உன் வேதனை பொய்யில்லை என்று ஒருவர் சொல்லிக் கேட்டபோது எனக்கு எப்படி இருந்தது என்று எழுதத் தெரியவில்லை. இது நிறையப் பேருக்கு வருகிறது, ஆளைக் கொல்லாது, ஆனால் ஒரே நாளில் போகவும் போகாது என்றார். முதலில் அமிலத்தைக் குறைக்கிற மாத்திரை கொடுத்தார். எரிச்சல் பாதி குறைந்தது, அந்தக் கல் மட்டும் போகவில்லை. அடுத்த தடவை போனபோது படுக்கப்போகும் முன் போட ஒரு சின்ன மாத்திரை எழுதினார். சில வாரம் பொறுத்துத்தான் தெரியும், நடுவில் நிறுத்தாதீர்கள் என்று இரண்டு தடவை சொன்னார். மெடிக்கலில் அந்தச் சீட்டைப் பார்த்த பையன், "இது மனசு சரியில்லாதவுகளுக்குக் குடுக்கிறதுல்லா, ஒங்களுக்கா?" என்று கேட்டான். கடையில் நம் ஊர்க்காரர்கள் வேறு நின்றார்கள். வெட்கத்தில் வாங்கிக்கொண்டு வந்து, அரிசிப் பானைக்குப் பின்னால் வைத்தேன். போடவில்லை. நானா பைத்தியம் என்று வீம்பு. உனக்கும் அப்படி ஒரு மாத்திரை எழுதினார்கள், பிரவுசிங் சென்டரில் பார்த்துவிட்டு நிறுத்திவிட்டேன் என்றாயே, அப்போது எனக்குச் சிரிப்பும் வந்தது, உன்னை ஓங்கி ஒன்று போடலாம்போலவும் இருந்தது.

நான் வெறும் தோலும் எலும்புமாக ஆன பிறகு, ஒரு விடுமுறை நாள், உன் பெரியம்மா விறுவிறு என்று நம் வீட்டுக்குள் வந்தாள். கையில் ஒன்றும் இல்லை, வாய் மட்டும்தான் இருந்தது. உன் அப்பா எழுந்து நிற்க, அவரைப் பார்க்கவே இல்லை. நேராக என்னிடம், "ஏ புள்ள, நான் மருந்து வச்சேன். சரி. அத ஒரு ஆளு வெளிய எடுத்துட்டான். அதும் சரி. பொறவு ஏன் இன்னும் ஒனக்குச் சோறு இறங்கல?" என்றாள். உன் அப்பா துண்டை எடுத்துத் தோளில் போட்டுக்கொண்டு வெளியே போய்விட்டார். "நீ சாகப்போறன்னு வேன்ல பேசிக்கிடுதாளுக. நீ போய்ச் சேர்ந்திட்டா நான் காலம் பூரா கொன்னவளாத்தான் இருக்கணும். அதுக்காகவாவது பிழைச்சுக்க" என்று சொல்லிவிட்டு, என் முன்னால் தரையில் உட்கார்ந்து அழுதாள். நானும் அழுதேன். கோபத்தில் வந்தவள், டாக்டர் சீட்டு எங்கே என்று கேட்டு, மாத்திரையைத் தேடி எடுத்துவிட்டுத்தான் போனாள்.

அடுத்த வாரம் அவளே என்னை விருதுநகருக்குக் கூட்டிப்போனாள். "என்னங்கய்யா, இவளுக்குக் கிறுக்கு மாத்திரை குடுத்திருக்கீகளாமே?" என்று டாக்டரிடம் நேரடியாகக் கேட்டாள். அவர் கோபப்படவில்லை. வயிற்றுக்கும் மூளைக்கும் நடுவில் நரம்பு எந்நேரமும் பேசிக்கொண்டே இருக்கிறது, அதிக அளவில் கொடுத்தால் இது மனசுக்கு மருந்து, இவ்வளவு குறைவாகக் கொடுத்தால் அந்த நரம்பின் கூச்சலைக் குறைக்கிற மருந்து, முதல் சில நாள் வாய் உலரும், தூக்கம் வரும், பயப்பட வேண்டாம் என்றார். வரும்போது பஸ்ஸில் பெரியம்மா, "கத்துத கிளீனர் வாயில ஒரு முட்டாயி குடுக்காக, அம்புட்டுதான்" என்றாள். எனக்கு அதற்குமேல் விளக்கம் தேவைப்படவில்லை.

மாத்திரை பாதி வேலை செய்தது என்றால் மீதியை அவள் செய்தாள். ஆபீஸில் சாப்பாட்டு நேரம் என் பக்கத்தில் வந்து உட்கார்ந்துகொள்வாள். ஒரு வாய் முழுங்கிய பிறகுதான் அடுத்த கை வைக்கலாம். அதற்குள் நான் கை நீட்டினால் முழங்கையில் ஓர் அடி விழும். கொண்டுபோன சோற்றை ஒரே நேரம் தின்ன விடமாட்டாள். காலையில் கொஞ்சம், மத்தியானம் கொஞ்சம், கிளம்புவதற்கு முன் மீதி. ஒரு நாள் போர்மேன் வந்து, "என்ன, விருந்தா நடக்கு இங்கன?" என்றார். "சரமும் நாங்க பின்னுதது, கூலியும் எங்களது, வயிறும் எங்களது. ஒங்களுக்கு என்ன அண்ணாச்சி நட்டம்?" என்றாள். அவர் போய்விட்டார். கூலி குறையத்தான் செய்தது. அதற்கும் அவள்தான், "திங்கதுக்குத்தானே சம்பாதிக்கோம்" என்றாள். எனக்கு எது ஒத்துக்கொள்கிறது, எது ஒத்துக்கொள்ளவில்லை என்றும் அப்போதுதான் கண்டுபிடித்தேன். காரத்தையும் புளியையும் விட்டது வீண். வெறும் வயிற்றுக் கடுங்காப்பியும் எண்ணெய்ப் பலகாரமும்தான் என்னைப் படுத்தியவை. உனக்கு வேறாக இருக்கலாம். ஒன்றொன்றாகப் பார், மொத்தமாகப் பட்டினி கிடக்காதே.

எப்போது சரியானது என்று கேட்டால் நாள் சொல்லத் தெரியாது. ஒரு சாயங்காலம் வேனில் வரும்போது யாரோ சொன்ன கேலிக்குச் சிரித்துக்கொண்டிருந்தேன். சாப்பிட்டதிலிருந்து அதுவரை வயிற்றைப் பற்றி நினைக்கவே இல்லை என்பது அப்போதுதான் உறைத்தது. மறுநாள் மறுபடி கல் வந்தது. அதற்கு அடுத்த நாள் இல்லை. அப்படித்தான் அது போனது, போகப் பிரியமில்லாத விருந்தாளிபோல் வாசலில் நின்று நின்று. பிறகு டாக்டர் சொன்னபடி மாத்திரையையும் கொஞ்சம் கொஞ்சமாகக் குறைத்து நிறுத்தினேன். இன்றைக்கும் சீசன் நெருக்கடியிலோ, உன் அப்பாவோடு சண்டை போட்ட அன்றோ எட்டிப் பார்க்கும். வா, உனக்கும் நாலு வாய் போடுகிறேன் என்று இருந்துவிடுவேன். இந்த வாரமும் உன் நினைப்பில் வந்தது. வந்தாலும் பயமில்லை. பயம் போனதுதான் எனக்குப் பெரிய விடுதலை.

நீ செய்ய வேண்டியது இதுதான். அந்த டாக்டரிடமே திரும்பிப் போ. மாத்திரையை நிறுத்திவிட்டேன் என்று ஒளிக்காமல் சொல். கிருமிக்குச் சோதித்தார்களா என்று கேள். நான் மேலே எழுதிய ரத்தம், கறுப்பு, அடைப்பு, அதோடு காரணமில்லாமல் எடை சரிவது, இவற்றில் ஏதாவது வந்தால் ஒரு நாள்கூடத் தாமதிக்காதே. அதெல்லாம் இல்லை என்றால், மறுபடி குழாய் விடுங்கள் என்று டாக்டர் டாக்டராக அலையாதே. அந்தக் கம்பெனிக்காரருக்கு வந்தது வேறு, உனக்கு வந்தது வேறு. நைட் ஷிப்ட் முடிந்து வந்து புரோட்டாவை அள்ளிப் போட்டுக்கொண்டு அப்படியே படுக்காதே. பிரவுசிங் சென்டர் பக்கம் கொஞ்ச நாள் போகாதே. அங்கே தலைவலி என்று தேடினாலும் சாவில்தான் கொண்டுபோய் விடுவான்.

இனி மகேஸ்வரி விஷயம். உன்னிடம் கேட்காமல் ஒரு காரியம் செய்துவிட்டேன், கோபப்பட்டாலும் பரவாயில்லை. நேற்று பஸ் ஏறித் திருத்தங்கல் போனேன். அவள் வேலை பார்க்கிற அச்சாபீஸ் வாசலில் காத்திருந்து, வெளியே வந்ததும் எல்லாவற்றையும் சொன்னேன். உன் வயிறு, உன் ரிப்போர்ட், உன் பயம், என் கதை, எதையும் மறைக்கவில்லை. நாளைக்கு அவள் கண்டுபிடிப்பதைவிட இன்றைக்கு நான் சொல்வது மரியாதை.

பொறுமையாகக் கேட்டாள். பிறகு, "எனக்குத் தெரியும் அத்தை" என்றாள். "நிச்சயத்தன்னிக்குப் பக்கத்துப் பக்கத்து இலையில உக்காந்தோம்லா? யாரும் பாக்காதப்ப லட்டு, வடை எல்லாத்தையும் என் இலைக்குத் தள்ளி விட்டாக. எம்மேல அம்புட்டுப் பிரியமான்னு நெனச்சு, முடியாமத் தின்னேன். பொறவு மொகத்தப் பாத்தேன். முழுங்க முடியாமத் தவிச்சுக்கிட்டு இருந்தாக."

நீ கல்யாணத்தை நிறுத்தச் சொல்கிறாய் என்று, வேறு வழியில்லாமல் அதையும் சொல்லிவிட்டேன். அவள் முகம் வாடித்தான் போனது. ஆனால் அழவில்லை. கையில் இருந்த மையைத் துணியில் துடைத்தாள். அப்புறம் சொன்னாள்: "அவுககிட்ட ஒண்ணே ஒண்ணு கேட்டுச் சொல்லுங்க அத்தை. அவுகளுக்கு வேண்டாதது சோறா, நானா? சோறுன்னா, அத நாங்க ரெண்டு பேருமா பாத்துக்கிடுவோம்."

கேட்டுவிட்டேன். பதிலை எனக்கு எழுதாதே. அவளுக்குப் போன் போடு.

உன் அம்மா